வாயில் வைக்காத கறி

...எண்ணெய் ஒரு சொட்டும் விடாமல் வெறுஞ்சட்டியில் வெங்காயம் வதக்குவதா, இந்த எத்தியோப்பியச் சமையலை முதன்முதல் பார்த்தபோது யோகமலருக்குச் சிரிப்புத்தான் வந்தது, இப்போது அவளே அரைமணி நேரமாக அதைக் கிளறிக்கொண்டு நிற்கிறாள், இன்னும் கொஞ்சம் சிவக்கட்டும், பொறு, பொறு... ஸ்கார்பரோவின் வெக்ஸ்போர்ட் பக்கத்தில் அல்மாஸும் அவளுடைய ஈரானியக் கணவன் பர்வீஸும் நடத்தும் இந்தச் சின்ன உணவகத்தில் மூன்று வருடம் சட்டி கழுவியவள், பெரிய சமையல்காரன் போன கிழமை கோபித்துக்கொண்டு போய்விட்டான், இன்று மத்தியானம் நாற்பது பேருக்கு இலையுதிர்கால விருந்து, சரிவந்தால் அடுப்பு உனக்கு, இல்லையென்றால் பழையபடி சட்டி கழுவும் தொட்டிக்குப் போ என்று அல்மாஸ் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டாள். சொன்னால் சொல்லட்டும், ஆனால் இன்றைக்கென்று பார்த்தா கந்தசஷ்டி மூன்றாம் நாள் வந்து நிற்க வேண்டும்? பதினொரு வருடமாக விடாமல் பிடிக்கிற விரதம், ஆட்டிறைச்சியை நாக்கில் வைத்துப் பார்ப்பது எப்படி? காலையில் கணவர் அருள்நாயகம் வாசலில் மறித்துக்கொண்டு நின்றார். "விரதக்காறி இறைச்சிச் சட்டிக்கை தலையை விட்டுக்கொண்டு நிக்கிறதே? லீவு போடுமன்." லீவு போட்டால் அடுப்பு போய்விடும் என்றாள். அப்படியென்றால் விரதத்தை விடுமன் என்றார். "ரெண்டையும் விடமாட்டனப்பா" என்று சப்பாத்தைக் காலில் கொழுவிக்கொண்டு இறங்கிவிட்டாள், அந்த வீறாப்பு பஸ் ஏறும்வரைதான் இருந்தது.

அல்மாஸையாவது ருசி பார்க்கச் சொல்லலாமா என்றால் இன்று வெள்ளிக்கிழமை, அவளுடைய தேவாலய முறைப்படி அவளுக்கும் மச்சம் ஆகாது, நல்ல கூத்து, இறைச்சி விருந்து வைக்கிற கடையில் அடுப்படியில் நிற்கிற இரண்டு பேருக்கும் இறைச்சி ஆகாது! பர்வீஸ் இருக்கிறான்தான், அவன் வாயை நம்பலாமா, புளி எவ்வளவு விட்டாலும் இன்னும் விடு என்பான். சரி, வெங்காயம் சிவந்துவிட்டது, வாசனை வெண்ணெயைப் போட்டு பெர்பெரேத் தூளைக் கொட்டினாள், மிளகாய் நெடி எழுந்தது, இது அவளுக்குத் தெரிந்த பாஷை, தூள் கருக முன்னம் எந்த நொடியில் இறைச்சியைப் போட வேண்டும் என்று யாழ்ப்பாணத்து மூக்குக்குச் சொல்லிக்கொடுக்கவா வேண்டும்? பூசணித் துண்டு, அரைத்த வால்நட், பர்வீஸ் ஊரிலிருந்து வந்த காய்ந்த தேசிக்காய், எலுமிச்சைதான், நாலு, எல்லாம் சட்டிக்குள் போயிற்று. மாதுளம்பாகை எடுத்தபோதுதான் பார்த்தாள், போத்தல் புதிசு, வேறு கம்பெனி, எவ்வளவு புளிக்கும்? கரண்டியிலிருந்து ஒழுகவிட்டுப் பார்த்தாள், பழையதைவிடத் தடிப்பு, மூக்கருகே கொண்டுபோனாள், தாடை இரண்டும் கூசியது, காற்பங்கு குறை என்று கை சொன்னது, குறைத்தாள். உப்பு? படையலுக்குச் சமைக்கிற கறிக்கு யாராவது உப்புப் பார்ப்பார்களா, படைத்து முடியும்வரை நாக்கில் வைக்கக் கூடாது, இத்தனை வருடம் ஒருநாளாவது உப்புக் கூடியதா? முருகா, இது உனக்கில்லை, இருந்தாலும் பார்த்துக்கொள்... நினைத்தவுடனேயே கூச்சமாக இருந்தது, ஆட்டிறைச்சிக்கு முருகனைக் கூப்பிடுகிறவள் உலகத்தில் இவள் ஒருத்தியாகத்தான் இருப்பாள். தேசிக்காயை எந்நேரம் வெளியே எடுப்பது, விட்டால் கசந்துபோகும், முந்தினால் மணக்காது, இப்போதா, இல்லை, இன்னும் ஒரு கொதி... இப்போது எடு.

விருந்து தொடங்கி முதலில் திரும்பி வந்த சாப்பாட்டுக் கோப்பையில் குழம்பு பாதி அப்படியே கிடந்தது. மூன்று வருடம் தொட்டியில் நின்றவளுக்குக் கோப்பை பொய் சொல்லாது என்று தெரியும், வாயால் நல்லம் நல்லம் என்கிறவர்கள் கோப்பையில் மிச்சம் விட்டுத்தான் போவார்கள், போயிற்று, எல்லாம் போயிற்று, புளியைக் குறைத்தது பிழையோ... கோப்பையைத் தண்ணீரில் அமிழ்த்தப் போனவளின் கையைப் பர்வீஸ் பிடித்தான், கழுவாதே, இந்த ஆளுக்கு இறைச்சி முடிந்துவிட்டது, இதிலேயே இன்னும் இரண்டு துண்டு வேண்டுமாம் என்றான். அதன்பிறகு வந்தது எல்லாம் ரொட்டியால் வழித்துத் துடைத்த கோப்பைகள், ஒன்று, இரண்டு, பத்து, கழுவத் தேவையே இல்லை போல, யோகமலருக்கு நெஞ்சு கொள்ளவில்லை, நான்தான், நான்தான் சமைத்தேன், வாயில் வைக்காமல் சமைத்தேன், ஸ்கார்பரோ முழுக்கக் கேட்கும்படி கத்த வேண்டும் போலிருந்தது! புளி போதாது என்று ஒருநாளும் சொல்லாமல் விடாத பர்வீஸ் இரண்டாம் தரம் போட்டுக் கோப்பையை வழித்துச் சாப்பிட்டான். திங்கட்கிழமையிலிருந்து தொட்டிக்கு வேறு ஆள் பார்க்கிறேன் என்று அல்மாஸ் அவளைக் கட்டிப்பிடித்தாள்.

பிறகு, இவளுடைய விரதம் தெரியாத அல்மாஸ் வெறும் சட்டியை எட்டிப் பார்த்துப் பெருமூச்சு விட்டு, சொல்லு, எப்படி இருந்தது, எனக்குத்தான் கொடுத்துவைக்கவில்லை என்று கேட்டாள். யோகமலர் தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னாள், முதலில் வெங்காய இனிப்பு, அது கரைய முன்னமே புளி, பிறகு தொண்டையில் உறைப்பு, வால்நட் வந்து அதை ஆற்றும், கடைசியில் அந்தத் தேசிக்காயின் கசப்பு, ஒரு பொட்டுத்தான், நாக்கின் அடியில் நிற்கும், இப்போதும் நிற்கிறது என்று சொல்ல வந்தவள் சட்டென்று நிறுத்தினாள். அந்தக் கசப்பு நின்றது, உண்மையாகவே நாக்கில் நின்றது. காலையிலிருந்து பச்சைத்தண்ணீர் மட்டும் பட்ட நாக்கு... அப்படியானால் விரதம் முறிந்ததா? அல்மாஸ் இன்னும் கேட்டுக்கொண்டுதான் நின்றாள். யோகமலர் வாயை இறுக்கி மூடி ஒருமுறை விழுங்கினாள், எதை விழுங்கினாள் என்று அவளுக்கே தெரியவில்லை.