தீக்குச்சி நுனியில் முரண் மை

என் கணவர் மருதப்பன் இறந்துவிட்டார். தினமும் விளக்கு வைக்கும் நேரத்துக்கு வீட்டுக்கு வந்துவிடுவார். இரண்டும் உண்மை என்பதற்கு என் இடது ஆள்காட்டி விரல் நகத்தில் மை இருக்கிறது.

ஓட்டுப் போடும்போது வைக்கிறார்களே, பார்க்க அது மாதிரிதான் இருக்கும். ஆனால் இது முரண் மை. ஒருவர் வாழ்க்கையில் ஒன்றோடொன்று ஒத்துப்போகாத இரண்டு விஷயங்கள் வந்து சேர்ந்துவிட்டால் இதை வைத்துக்கொள்ள வேண்டும். இரண்டும் சண்டை போடாமல் நிற்கும். மை போய்விட்டால் இரண்டில் ஒன்று விழுந்துவிடும். எது விழும் என்று யாருக்கும் தெரியாது.

முதல் தடவை மை ஆபீசுக்கு அவரையும் கூட்டிக்கொண்டுதான் போனேன். எஸ்தர் என்ற கிளார்க் அவர் நீட்டிய விரலை ஒதுக்கிவிட்டு என் விரலைப் பிடித்தாள்.

"செத்தவங்களுக்கு இதுல குழப்பமே கிடையாதுக்கா. யாருக்குக் கஷ்டமோ அவங்களுக்குத்தான் மை," என்றாள்.

கஷ்டம்தான். காலையில் பொட்டு வைக்கிறேன். துக்கம் விசாரிக்க யாராவது வந்தால் அழிக்கிறேன். அவர் படத்துக்கு மாலை போட்டுவிட்டு, படத்துக்கு நேர் கீழே அவருக்குத் தட்டு வைக்கிறேன். ரசத்தில் உப்புக் கூடிவிட்டது என்கிறார். படத்தில் இருப்பவர் அப்படி எதுவும் சொல்வதில்லை. சில நாள் படத்தில் இருப்பவரே தேவலை என்று தோன்றும். தோன்றிய பாவத்துக்கு இன்னொரு கரண்டி ரசம் ஊற்றுவேன்.

மனைவியாகவும் விதவையாகவும் இருப்பது இரண்டு ஆள் வேலை. நான் ஒருத்தி பார்க்கிறேன். கடைசியாக எப்போது உட்கார்ந்தேன் என்று ஞாபகம் இல்லை.

நகம் அது பாட்டுக்கு வளர்ந்தது. மை நுனிக்கே வந்துவிட்டது. தேங்காய் துருவும்போது நகம் ஒடிந்தால் மனுஷன் என்ன ஆவார் என்று பயமாக இருந்தது. புது மை வைத்துக்கொள்ளலாம் என்று வெள்ளிக்கிழமை ஆபீசுக்குக் கிளம்பினேன்.

ஆபீஸ் நடைவழி வழக்கம்போல் நீண்டுகொண்டே போனது. நாம் நடந்தால் அதுவும் நடக்கும். ஒரே இடத்தில் நின்றுவிட்டால் அதற்கே சலித்துப்போய், எஸ்தர் உட்காரும் ஜன்னலைக் கொண்டுவந்து நம் முன்னால் விட்டுவிடும். நின்றேன். வரிசையில் எனக்கு முன்னால் இருந்தவர் அன்று வரவில்லை. அவர் முறை முடியட்டும் என்று காத்திருந்தேன்.

எஸ்தர் என் நகத்தைப் பார்த்தாள். மேசையில் ஒரு நகவெட்டி சணல் கயிற்றால் கட்டப்பட்டிருந்தது. அதை என் பக்கம் தள்ளினாள்.

"பழைய மைக்கு மேல புது மை பிடிக்காதுக்கா. வெட்டுங்க. வச்சு விடுதேன்."

"வெட்டுறதுக்கும் வைக்கிறதுக்கும் நடுவுல?"

"நடுவுல ஒண்ணு விழும்."

"அவரு போயிட்டா?"

"படம் போனாலும் போகும்."

"ஏதோ ஒண்ணு போன பிறகு மை எதுக்கு?"

"எதுக்கும் இல்ல. நடைமுறை அப்படி."

குப்பியில் ஒரு சொட்டுதான் மிச்சம் இருந்தது. வேறு மை வராதா என்று கேட்டேன்.

"வரும்னு ஒரு உத்தரவு இருக்கு. வராதுன்னு ஒரு உத்தரவு இருக்கு."

"அதுக்கே இந்த மையை வச்சா ரெண்டும் நிக்குமே."

"வச்சோம். அதுலதான் தீந்துபோச்சு."

நகவெட்டியைக் கையில் எடுத்தேன். வெட்ட மனசு வரவில்லை.

"இன்னைக்கு வெள்ளிக்கிழமை. நகம் வெட்டக் கூடாது," என்றேன்.

எஸ்தர் ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகிறவள். இருந்தாலும் யோசித்துப் பார்த்து, அது சரிதான் என்றாள். குப்பியைக் கவிழ்த்துக் கடைசிச் சொட்டைத் தீக்குச்சி நுனியில் எடுத்தாள்.

"நாளைக்கு வீட்ல வெட்டிட்டு நீங்களே வச்சுக்கிடுங்க. காய விட்டுராதீங்க."

தீக்குச்சியை நிமிர்த்திப் பிடித்தபடி பஸ் ஏறினேன். கண்டக்டர், உட்கார்ந்திருந்த ஒருவரை எழுப்பி, தீக்குச்சிக்கு உட்கார இடம் கொடுத்தார். நான் பக்கத்தில் நின்றுகொண்டு வந்தேன்.

வீட்டுக்கு வந்ததும் நாள்காட்டியில் அன்றைய தாளைக் கிழித்தேன். அடியிலும் வெள்ளிக்கிழமை இருந்தது. அதையும் கிழித்தேன். அதற்கு அடியிலும் அதேதான். கிழித்துக்கொண்டே போனேன். தரை முழுக்க வெள்ளிக்கிழமை. இதை யார் பெருக்குவது? நான்தான்.

விளக்கு ஏற்றும்போது அவர் வந்தார். தாள்களை மிதிக்காமல் தாண்டி வந்து, படத்துக்குக் கீழே நாற்காலியில் உட்கார்ந்தார்.

"ஏளா வடிவு, ஏன் நின்னுக்கிட்டே இருக்க?"

ஆபீசில் நடந்ததைச் சொன்னேன். அவர் தீக்குச்சியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு விரலை நீட்டினார்.

"எனக்கு வையி."

"உங்களுக்கு எதுக்கு? செத்தவங்களுக்குக் குழப்பமே கிடையாதுன்னாளே."

"அந்தப் பிள்ளை என்னைக் கேக்கவே இல்லையே."

"சரி, உங்களுக்கு என்ன?"

"போகணும்னு இருக்கு. தினமும் அவ்வளவு தூரம் நடந்து வாறது அசதியா இருக்கு. உன்னைய விட்டுட்டுப் போகவும் முடியல."

எனக்கு அழுகை வந்துவிட்டது. இவ்வளவு நாளும் இந்த வீட்டில் அசந்துபோனவள் நான் ஒருத்தி மட்டும்தான் என்று இருந்துவிட்டேன்.

"உங்களுக்கு வச்சா எனக்கு மிச்சம் இல்ல," என்றேன். "என் கண்ணுக்கு நீங்க இல்லாமப் போயிருவீங்களோ என்னமோ."

"தெரியும். நீ கொஞ்சம் உக்காரணும்லா."

அவர் நகத்தில் மையை வைத்தேன். காயும்வரை ஊதிவிட்டேன். அவர் விரல் வெதுவெதுப்பாகத்தான் இருந்தது. பிறகு அலமாரியிலிருந்து நகவெட்டியை எடுத்து, வெள்ளிக்கிழமை என்று தெரிந்தே என் நகத்தை வெட்டினேன். அது தாள்களுக்கு நடுவே எங்கேயோ விழுந்தது.

நிமிர்ந்தபோது நாற்காலி காலியாக இருந்தது. படம் சுவரில் இருந்தது. மாலையும் இருந்தது.

அந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். சூடு ஆறவில்லை. கால் இரண்டையும் நீட்டிக்கொண்டேன். நெஞ்சு வலிக்க அழுதேன்.

கொஞ்ச நேரத்தில் அடுப்படியில் குழாய் திறக்கும் சத்தம் கேட்டது. உயிரோடு இருந்த வரைக்கும் அவர் அந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததில்லை. பாத்திரங்கள் ஒவ்வொன்றாகக் கழுவப்பட்டன. கவிழ்த்து வைக்கும் சத்தமும் கேட்டது. ரசச் சட்டியைச் சரியாகத் தேய்க்கவில்லை, சத்தத்திலேயே தெரிந்தது.

நான் எழுந்திருக்கவில்லை.