மூடுபனித் தாயின் அட்டை

அண்ணிக்கு ஒரு சந்தேகம் வந்துவிட்டால் லேசில் போகாது. பதிப்பகத்தில் அவளுக்கு வேலை, ஒரு பெரிய புத்தகத்துக்காக உலகத்து இயற்கைத் தெய்வங்களை வகைபிரிப்பது. மழை, காற்று, மலை, ஆறு என்று தெய்வத்துக்கு ஓர் அட்டை எழுதி, எந்த மக்கள், எந்தப் பிரதேசம் என்று பார்த்து உரிய இழுப்பறையில் போட வேண்டும். ஏழு வருஷம் தனியாகச் செய்தவள், ஆறு மாதத்துக்கு முன் கொழுந்தனையும் சிபாரிசு செய்து உள்ளே இழுத்துவிட்டாள். அதை நினைத்துத்தான் இப்போது தலையில் அடித்துக்கொண்டாள்.

வடதீவுகள் இழுப்பறையில் மூன்று காற்றுத் தெய்வங்களைக் காணோம். சொல்லிவைத்தாற்போல் எதிர்த் தெருப் பதிப்பகமும் இதே மாதிரிப் புத்தகம் போடுகிறதாம். கொழுந்தனோ எல்லோருக்கும் முன்னால் வந்து விடுகிறான். அவளைக் கண்டதும் காகிதங்களைக் கவிழ்த்து வைக்கிறான். கேட்டால் பல்லைக் காட்டுகிறான். இதற்கு மேல் என்ன வேண்டும்? நேரே முதலாசிரியரிடம் போனாள்.

“யாரோ நம்ம அட்டையை வெளியில குடுக்கறாங்க சார்.”

“ஆதாரத்தோட வாங்கம்மா. அன்னைக்கே ஆளை வீட்டுக்கு அனுப்பிடறேன்.”

ஆதாரத்துக்காக அண்ணி ஒரு தெய்வத்தையே உண்டாக்கினாள். மூடுபனித் தாய். கழிமுகத்து ஓடக்காரர்களின் தெய்வம், படகு முனையில் ஈரப்புல் கட்டி வணங்குவார்கள். அத்தனையும் சொந்தச் சரக்கு. எதிர்த் தெருப் புத்தகத்தில் இந்தத் தாய் தலைகாட்டினால் கொழுந்தன் கையும் களவுமாக மாட்டுவான். அவன் வேலை போனால் வீட்டில் யார் முகத்திலும் விழிக்க முடியாது. போகட்டும், திருடனுக்கு என்ன உறவு என்று மனசைக் கல்லாக்கிக்கொண்டு அட்டையை இழுப்பறைக்குள் போட்டாள்.

எதிர்த் தெருப் புத்தகம் வெளிவந்தது. வரி வரியாகத் தேடினாள், தாய் இல்லை. மறுநாள் தங்கள் புத்தகத்தின் அச்சுப்படி வந்தது. நாற்பதாம் பக்கத்தில் ஜம்மென்று உட்கார்ந்திருந்தாள் தாய்.

“இதை யாரு சேர்த்தது?” என்று அச்சுப்படியோடு கொழுந்தன் மேஜைக்கு ஓடினாள் அண்ணி.

“நான்தான் அண்ணி. எங்க தேடியும் மூலம் கிடைக்கல. ஆனா உங்க கையெழுத்து. நீங்க எழுதினா சரியாத்தான் இருக்கும்னு விட்டுட்டேன்.”

“அப்ப காணாமப் போன அந்தக் காத்துத் தெய்வங்க?”

அவன் குரலைத் தாழ்த்தினான். “அது தென்கடல் ஆளுங்க தெய்வம் அண்ணி, நீங்க வடக்குல வச்சிருந்தீங்க. முதலாசிரியர் கண்ணுல பட்டா சும்மா விடுவாரா? அதான் சீக்கிரமா வந்து சத்தமில்லாம இடம் மாத்தினேன்.”

அவளுக்கு வெட்கத்தில் உடம்பு கூசியது. அதற்குள் முதலாசிரியர் அச்சுப்படியும் கையுமாக வந்து நின்றார்.

“மூலமே இல்லாத சாமிய உள்ள விட்டது யாரு? இவன்தானே? இன்னையோட கணக்கை முடிச்சுக்கச் சொல்லுங்க.”

வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும், அவளுக்கு ஒன்றும் ஆகாது. அவளால் முடியவில்லை.

“நான்தான் சார் எழுதினேன். பொய்னு தெரிஞ்சே எழுதினேன்.”

“சார், நம்பாதீங்க” என்று கொழுந்தன் பதறிக்கொண்டு குறுக்கே வந்து நின்றான். “என்னைக் காப்பாத்தறதுக்காகப் பழியைத் தன் தலையில போட்டுக்கறாங்க. அண்ணி பொய் எழுதற ஆளே இல்ல.”