சிமெண்டு கொட்டகைக் கல்யாணம்

பாதி உடம்பை உள்ளே நுழைத்தால்தான் அந்த அண்டாவின் அடியைத் தேய்க்க முடியும். வெளியே நிற்கிறவர்களுக்கு லூசியின் இடுப்பும் கால்களும் மட்டும்தான் தெரிந்தன. இருநூறு பேருக்குச் சாம்பார் கொதித்த அண்டா. அடிப்பிடித்த பருப்பு, புளிச் சக்கைக்கும் சாம்பலுக்கும் லேசில் மசியவில்லை. எதிரே பச்சையம்மாள் வாளிகளைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தாள். கள்ளக்குறிச்சி கனகவல்லி மண்டபத்தின் கிணற்றடியில் இருவரும் ஒன்பது வருடமாக இப்படித்தான் எதிரெதிரே உட்கார்ந்து பாத்திரம் தேய்க்கிறார்கள்.

அது 1987, ஆவணி மாதம். முகூர்த்தத்துக்கு மேல் முகூர்த்தம். இடுப்பை நிமிர்த்த நேரமில்லை. ஆனாலும் லூசியின் முகத்தில் களைப்பு இல்லை. மகள் நான்சிக்கு மாப்பிள்ளை அமைந்திருந்தது. பையன் ஆல்பர்ட், கோமுகி அணையில் மதகு திறந்து மூடும் வேலை, கவர்மெண்ட் சம்பளம். செப்டம்பர் இருபத்தொன்று, திங்கட்கிழமை என்று மாதா கோயிலில் சாமியார் நாள் குறித்துக் கொடுத்துவிட்டார்.

அந்த நாள் புரட்டாசியில் வந்தது லூசிக்கு இன்னும் வசதியாகப் பட்டது. வேதத்தில் சேர்ந்த கிறிஸ்தவர்களுக்குப் புரட்டாசி தடையில்லை. ஊரில் வேறு யாரும் அந்த மாதம் கல்யாணம் வைப்பதில்லை. மண்டபம் மாதம் முழுக்கப் பூட்டித்தான் கிடக்கும். பூட்டிக் கிடக்கிற மண்டபத்தை ஒரு நாளைக்குக் கேட்டால் கொடுக்காமலா போவார்கள்? இந்த யோசனையை அவள் பச்சையம்மாளிடம் மட்டும்தான் சொல்லியிருந்தாள். பச்சையம்மாள் வாளியைக் கீழே வைத்துவிட்டு, கேட்டுவிடு, இன்றைக்கே கேட்டுவிடு என்றாள்.

மேனேஜர் காசிநாதன் நல்ல மனிதர். லூசிக்கு மஞ்சள் காமாலை வந்தபோது ஒரு மாதம் வேலையை விட்டு நிறுத்தாமல் வைத்திருந்தவர். அவள் ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு போய் நின்றதும், தேதி எழுதும் நோட்டைப் புரட்டிப் பார்த்தார். புரட்டாசியின் பக்கங்கள் எல்லாம் வெள்ளையாக இருந்தன. அதை லூசியும் பார்த்தாள். முதலாளியிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் சொல்வதாகச் சொன்னார்.

மூன்றாம் நாள் அவரே கிணற்றடிக்கு வந்தார். வந்தவர் கவிழ்த்து வைத்திருந்த வாளிகளையே பார்த்துக்கொண்டு பேசினார்.

"அந்தத் தேதி புக் ஆயிடுச்சி லூசி."

"புரட்டாசியிலயா சார்?"

 அவர் ஒரு வாளியை நிமிர்த்தி மறுபடி கவிழ்த்தார்.

"முதலாளி கெட்டவர் இல்ல. நீ இங்க வேல செய்யறது வேற, வாசல்ல உன் சாதி ஜனம் சந்தனம் எடுத்துக்கினு உள்ள வர்றது வேற. நாளைக்கி பெரிய வூட்டுக்காரங்க யாரும் இங்க கல்யாணம் வைக்கமாட்டாங்கன்னு பயப்படறாரு. போராட்டம் வேற வருது. மனசுல வச்சிக்காத."

லூசி தலையாட்டிவிட்டு மறுபடி அண்டாவுக்குள் குனிந்தாள். பச்சையம்மாள்தான் தேய்ப்பதை நிறுத்திவிட்டு, மேனேஜர் போன வழியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

லூசியின் புருஷன் ராயப்பன் மார்க்கெட் கமிட்டியில் மூட்டை தூக்குகிறவர். விஷயத்தைக் கேட்டதும் அவர் கத்தவில்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்து மடித்தார், மறுபடி பிரித்தார். நான்சி டீச்சர் டிரெயினிங் முடித்திருந்தாள். அவளுடைய சாதிச் சான்றிதழுக்காக அவர் போன வருடம் நாலு மாதம் அலைந்தவர்.

"தாலுக்கா ஆபீஸ்ல போய் நின்னா, நீ வேதத்துல சேந்துட்ட, உனக்கு அந்தச் சலுகை கெடையாதுன்றான். இங்க வந்து நின்னா, நீ இன்னும் அந்த ஆளுதான்றான். எதுனா ஒண்ணு சொல்லச் சொல்லு."

நான்சி, கோயிலில் சாமியார் மந்திரித்துத் தாலி கட்டி முடித்ததும் வந்தவர்களுக்கு டீயும் பிஸ்கட்டும் கொடுத்து அனுப்பிவிடலாம், யாரிடமும் போய் நிற்க வேண்டாம் என்றாள். அவள் அதை வருத்தமில்லாமல்தான் சொன்னாள். லூசிக்குத்தான் பொறுக்கவில்லை.

"ஒம்போது வருசமா ஊரான் வூட்டுக் கல்யாணத்துக்கெல்லாம் சட்டி தேய்ச்சிருக்கேன். எம் பொண்ணு கல்யாணத்துல நம்ம சனம் வரிசையா உக்காந்து ஒரு பந்தி சாப்புடணும். அதுக்கு எடம் நான் பாக்கறேன்."

மறுநாளிலிருந்து பார்க்கத் தொடங்கினாள். கன்னியாஸ்திரிகள் நடத்தும் பள்ளிக்கூடத்துக்குப் போனாள். பெரிய சிஸ்டர் உட்கார வைத்துப் பேசினார். ஆனால் அந்த வாரம் காலாண்டுப் பரீட்சை, ஹாலில் பெஞ்சு போட்டாகிவிட்டது. தங்கள் தெருவிலேயே பந்தல் போடலாமா என்று ராயப்பன் காலால் அடிவைத்து அளந்தார். இரண்டு பக்கமும் சாக்கடை. நடுவில் ஒரு வரிசை உட்கார்ந்தால் பரிமாறுகிறவர் நடக்க வழியில்லை. அதோடு மைக்செட் வண்டி பெரிய தெருவைத் தாண்டித்தான் வரவேண்டும். முந்தின வருடம் ஒரு மஞ்சள் நீராட்டுக்கு வந்த மைக்செட் குழாயைப் பெரிய தெருக்காரர்கள் அங்கேயே இறக்கி வைத்துவிட்டார்கள். தெருவும் வேண்டாம் என்று முடிவானது.

இதற்குள் போராட்டத் தேதி வந்துவிட்டது. பதினேழாம் தேதியிலிருந்து ஒரு வாரம் சாலை மறியல். படிப்பிலும் வேலையிலும் தங்களுக்குத் தனியாக இடம் ஒதுக்கவேண்டும் என்று சுவரெல்லாம் எழுதியிருந்தார்கள். பச்சையம்மாளின் சாதி ஆட்கள்தான். அவள் மகன் தமிழரசன் ஐ.டி.ஐ. முடித்துவிட்டு இரண்டு வருடமாகச் சும்மா இருந்தான். வேலைக்காக எம்ப்ளாய்மெண்ட் ஆபீசில் பதிந்துவைத்த அட்டையை வருடா வருடம் புதுப்பிக்கப் போய் வருவதோடு சரி. தங்கள் ஊரான வடக்கனந்தல் பக்கம் மரம் வெட்டி ரோட்டின் குறுக்கே போடப் போகிறவர்களில் அவனும் இருந்தான். பாத்திரம் தேய்க்கும்போது பச்சையம்மாள் இதைக் கொஞ்சம் பயத்தோடுதான் சொன்னாள். அதே ஆபீசில் நான்சியின் அட்டையும் இருந்தது. லூசி, உன் பையனுக்கும் கிடைக்கட்டும், என் பெண்ணுக்கும் கிடைக்கட்டும் என்றாள்.

பஸ் ஓடாது என்றானதும் கள்ளக்குறிச்சியில் இடம் பார்ப்பதே வீண் என்று லூசிக்குப் பட்டது. மாப்பிள்ளை வீட்டார் கச்சிராயபாளையத்திலிருந்து எப்படி வருவார்கள்? அந்தப் பக்கமே பார்க்கலாம் என்று சொல்லியனுப்பினாள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆல்பர்ட் அவளையும் ராயப்பனையும் அணைக்குக் கூட்டிக்கொண்டு போனான்.

கரைக்குக் கீழே, வாய்க்காலை ஒட்டி, அணை கட்டிய காலத்தில் சிமெண்டு மூட்டை அடுக்கிய கொட்டகை ஒன்று இருந்தது. கல் சுவர், மேலே தகரம். இருபது வருடமாக யாரும் திறக்காத கதவை ஆல்பர்ட் தோளால் இடித்துத் திறந்தான். வௌவால் எச்சத்தின் நெடி முகத்தில் அடித்தது. ஒரு மூலையில் கல்லாகிப்போன சிமெண்டு மூட்டைகள். தரையில் ஒரு சாண் உயரத்துக்கு மண். ஒரு பாம்புச் சட்டையும் கிடந்தது. இங்கே மாடு கட்டலாம், மனிதர் உட்காரமுடியாது என்றார் ராயப்பன். ஆல்பர்ட் சங்கடத்தோடு நின்றான். வேறு இடம் தனக்குத் தெரியவில்லை, இன்ஜினீயருக்கு மனு எழுதிக் கொடுத்தால் ஒரு நாளைக்கு அனுமதி கிடைக்கும் என்று மட்டும் சொன்னான்.

லூசி இருவரையும் கவனிக்கவில்லை. குனிந்து ஒரு கை மண்ணை விலக்கிப் பார்த்தாள். அடியில் சிமெண்டுத் தரை விரிசல் இல்லாமல் இருந்தது. சுவரோரமாக ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை நடந்தாள். ஒரு வரிசைக்கு நாற்பது இலை. மூன்று வரிசை போடலாம். நடுவில் வாளியோடு இரண்டு பேர் எதிரெதிரே தாராளமாகப் போய்வரலாம். கனகவல்லி மண்டபத்துச் சாப்பாட்டுக் கூடத்தில் அது முடியாது. அங்கே பரிமாறுகிறவர்கள் இடித்துக்கொள்வார்கள். தண்ணீருக்குப் பக்கத்திலேயே அடிபம்பு, கழுவுகிற தண்ணீர் ஓட வாய்க்கால்.

"ரெண்டு நாள் வேல. இதான் எடம்," என்றாள்.

ராயப்பன் அவள் முகத்தைப் பார்த்துவிட்டுச் சட்டையைக் கழற்றினார். கல்லாகிப்போன மூட்டைகளை அன்றைக்கே அவரும் ஆல்பர்ட்டும் புரட்டி வெளியே தள்ளினார்கள்.

பதினாறாம் தேதி, புதன்கிழமை, கடைசியாக ஓடிய பஸ்ஸில் லூசியின் குடும்பம் சாமான்களோடு கச்சிராயபாளையம் வந்து சேர்ந்தது. மண்டபத்தில் வேலையில்லாததால் லீவு கேட்கவேண்டிய அவசியம் இருக்கவில்லை. வெள்ளிக்கிழமை விடிந்ததும் பச்சையம்மாள் துடைப்பத்தைத் தோளில் சாத்திக்கொண்டு வடக்கனந்தலிலிருந்து நடந்தே வந்தாள். ஆல்பர்ட்டின் அம்மாவும் சேர்ந்துகொண்டாள். மூவரும் முகத்தில் துணி கட்டிக்கொண்டு மண்ணை வாரினார்கள். தரையை மூன்று தண்ணீர் விட்டுத் தேய்த்தார்கள். சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள். சனிக்கிழமை சாயங்காலம் மேற்கு வெயில் கதவு வழியாக உள்ளே விழுந்தபோது, ஈரத் தரையில் கல்வராயன் மலை தலைகீழாகத் தெரிந்தது. நான்சி வாசலில் நின்று கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு செருப்பை வெளியே கழற்றி வைத்துவிட்டு உள்ளே வந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை முழுக்கக் கெட்ட செய்தியாகவே வந்தது. எங்கோ துப்பாக்கிச் சூடு, எங்கோ குடிசைகளைக் கொளுத்திவிட்டார்கள் என்று ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். கள்ளக்குறிச்சியிலிருந்து சொந்தக்காரர்கள் கிளம்புவார்களா என்பதே சந்தேகமாகிவிட்டது. லூசி அரிசியை ஊறப்போடும்போது ஒரு படியைக் குறைத்தாள். பிறகு மனசு கேட்காமல் அதையும் போட்டாள்.

திங்கட்கிழமை காலை சாமியார் சைக்கிளில் வந்தார். வழியில் ஏழு மரங்கள் என்றார். ஏழு இடத்திலும் சைக்கிளைத் தூக்கித் தாண்டியிருக்கிறார். கச்சிராயபாளையம் கோயிலில் ஆல்பர்ட் நான்சிக்குத் தாலி கட்டினான். கொட்டகைக்கு வந்தபோது மணி பதினொன்று. மாப்பிள்ளை வீட்டு ஜனம் மட்டும்தான் இருந்தது. முதல் வரிசையே நிரம்பவில்லை. லூசி கரைமேல் ஏறி நின்று ரோட்டைப் பார்த்தாள்.

முதலில் ஒரு குடை தெரிந்தது. பிறகு தோளில் பிள்ளைகளையும் கையில் செருப்பையும் சுமந்துகொண்டு ஒரு கூட்டம். விடிவதற்கு முன்னால் கிளம்பி நடந்தே வந்திருந்தார்கள். கூட்டத்துக்கு முன்னால் தமிழரசன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தான். கேரியரில் ராயப்பனின் அக்கா ரங்கம்மாள், கால் வீங்கி, உட்கார்ந்திருந்தாள். பின்னால் அவன் கூட்டாளிகள் பத்துப் பேர். மரங்களைத் தாண்டமுடியாத பிள்ளைகளையும் கிழவிகளையும் அவர்கள்தான் தூக்கி இறக்கிவிட்டிருக்கிறார்கள். அம்மா முந்தின நாளே சொல்லியிருந்தாள் என்றான் தமிழரசன்.

மூன்று வரிசையும் நிரம்பியது. சாம்பாருக்கு மேல் சாம்பார் கேட்டார்கள். ராயப்பன் பாயச வாளியோடு போகிறபோது ஒவ்வொரு இலைக்கும் குனிந்து, இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று ஊற்றினார். இவ்வளவு சுத்தமான இடம் எங்கே பிடித்தாய் என்று ரங்கம்மாள் கேட்டதற்கு லூசி சிரித்தாள்.

தமிழரசனும் அவன் கூட்டாளிகளும் பம்படியில் தண்ணீர் குடித்துவிட்டு வெளியேயே நின்றிருந்தார்கள். நான்கு நாளாக ஊரில் கடை திறக்கவில்லை. இரண்டாம் பந்திக்கு லூசியே போய்க் கூப்பிட்டாள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். பச்சையம்மாள் போய் முதல் இலையில் உட்கார்ந்தாள். உட்கார்ந்துகொண்டு மகனைப் பார்த்தாள்.

"வந்து உக்காருடா. பசிக்குதுல்ல."

தமிழரசன் உட்கார்ந்தான். மற்றவர்களும் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். லூசி தன் கையாலேயே அவர்களுக்குச் சோறு போட்டாள். தமிழரசன் இரண்டு தரம் ரசம் வாங்கினான். பக்கத்திலிருந்தவன் அப்பளத்தைப் பாயசத்தில் நொறுக்கிப் போட்டுக்கொண்டு கண்ணை மூடிச் சாப்பிட்டான். நான்சியும் ஆல்பர்ட்டும் வந்து கும்பிட்டபோது, தமிழரசன் எச்சில் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டு கூச்சத்தோடு எழுந்து நின்றான்.

அப்போது ரோட்டுப் பக்கம் யாரோ கூப்பிட்டார்கள் என்று வரிசையின் கடைசியிலிருந்து மூன்று பேர் எழுந்து போனார்கள். மற்றவர்கள் சாப்பிட்டு முடித்தார்கள். கைகழுவி, மாப்பிள்ளைக்குக் கை கொடுத்து, சொல்லிக்கொண்டு கிளம்பினார்கள். பச்சையம்மாள் கரை வரைக்கும் மகனோடு போனாள்.

லூசி இலைகளை எடுக்கக் குனிந்தாள். பெண்ணைப் பெற்றவள் இன்றைக்கு இலை எடுக்கக் கூடாது என்று சம்பந்தியம்மாள் கையைப் பிடித்தாள். கை சும்மா இருக்காது என்று சிரித்துக்கொண்டே லூசி முதலிலிருந்து எடுத்துக்கொண்டு வந்தாள். எல்லாம் வழித்துச் சாப்பிட்டு மடித்த இலைகள். வரிசையின் கடைசிக்கு வந்ததும் நின்றாள். அங்கே மூன்று இலைகள் மடிக்கப்படாமல் இருந்தன. கூட்டு, பொரியல், அப்பளம், எல்லாம் வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தன. நடுவில் அவள் போட்ட சோறு. அது குவித்தது குவித்தபடி ஆறிப்போயிருந்தது.