நாலு பேர், மூன்று கோப்பை

1.

இது கட்டுரையாக இருந்திருக்க வேண்டியது. 'சீனத் தேயிலைத் தொழிலும் அதன் பொருளாதார முக்கியத்துவமும்' என்ற தலைப்பில் வணிகர் சங்க ஆண்டு மலருக்கு எழுதித் தரும்படி அதன் ஆசிரியர் கேட்டிருந்தார். சீனாவில் ஆன்சி என்ற மலை வட்டாரத்தில் ஒரு தேயிலை ஏற்றுமதி அலுவலகத்தில் நான் பல வருடமாகக் குப்பை கொட்டுகிறேன். அதனால் இது எனக்குச் சுண்டைக்காய் என்று அவர் நினைத்தார். நானும் அப்படித்தான் நினைத்தேன். உட்கார்ந்தேன், எழுதினேன்:

உலகத்திலேயே அதிகமாகத் தேயிலை விளைவிக்கும் சீனா, அதில் பெரும்பகுதியைத் தானே குடித்துவிடுகிறது என்பது

அவ்வளவுதான். 'தானே குடித்துவிடுகிறது' என்று எழுதிய உடனே சிங்லானின் முகம் குறுக்கே வந்துவிட்டது. அவளை ஒதுக்கிவிட்டு ஏற்றுமதிக்குப் போகலாம் என்று பார்த்தேன். நகர மாட்டேன் என்கிறாள்.

(அப்படி ஒருத்தி உண்டா என்று கேட்காதீர்கள். மலைக்கு மேலே எங்களுக்கு இலை தரும் ஊர்களில் நான் பார்த்த மூன்று பெண்களைப் பிசைந்து ஒருத்தியாக்கியிருக்கிறேன். மூன்று பேருமே என்னிடம் மரியாதையாகப் பேசினதில்லை.)

2.

முதல் தொடக்கம்: 'மலையில் பனி இறங்கிக்கொண்டிருந்தது.' அடித்துவிட்டேன். தேயிலை என்றால் பனி இறங்கியே தீரவேண்டுமா?

இரண்டாவது: 'சிங்லான் கரிய கூந்தலை' சீ.

மூன்றாவது: 'தெஷூன் இடுப்பைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டான்.' இது பரவாயில்லை. நடந்ததும் இதுதான்.

இலையுதிர் காலப் பறிப்பு. வெயிலும் இருந்தது, வடக்குக் காற்றும் அடித்தது. இரண்டும் சேர்ந்து வரும் நாளுக்காக ஊரே வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும். அன்றைக்கென்று பார்த்து, இலைக்கூடையைத் தூக்கும்போது தெஷூனுக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. அந்த வீட்டில் தேயிலை செய்கிறவன் அவன். பறிப்பதும் காம்பு பொறுக்குவதும் மட்டும்தான் அவன் பெண்டாட்டி சிங்லானின் வேலை. பறித்த இலையோ யாருக்கும் காத்திருக்காது. அவனைக் கட்டிலில் படுக்க வைத்துவிட்டு அவளே வேலையில் இறங்கினாள்.*

* இந்த ஊர்த் தேயிலையை வெயிலில் வாட்டி, மூங்கில் உருளையில் போட்டுச் சுற்றி, ஆறவிட்டு, மறுபடி சுற்றுவார்கள். இலையின் ஓரம் சிவந்து, பச்சை வாடை போய், பூ வாசம் எழும்பும். அந்த நேரம் பார்த்துச் சூட்டில் போட வேண்டும். முந்தினால் புல், பிந்தினால் குப்பை. எப்போது என்று மூக்குதான் சொல்லும். இதைக் கட்டுரையில் ஒரு வரியில் முடித்திருப்பேன்.

தெஷூன் படுத்த இடத்திலிருந்தே நிர்வாகம் பண்ணினான்.

"லான்! உருளையைச் சுத்து!"

"சுத்திட்டேங்க."

"சத்தத்தையே காணோமே?"

இலை இன்னும் ஆறவேயில்லை. அவனோடு மல்லுக்கட்ட அவளுக்குப் பொறுமையும் இல்லை. பக்கத்திலிருந்த இன்னொரு உருளையைக் காலியாக ஓடவிட்டாள். கடகடவென்று சத்தம் கேட்டது.

"ஆங், அப்படி! நான் சொல்லச் சொல்லச் செய். போதும், இப்போ எடுத்துச் சூட்டுல போடு. இங்க வரைக்கும் வாசம் வருது!"

"போட்டாச்சு, போட்டாச்சு."

போடவில்லை. அவன் மூக்குக்கு எட்டிய வாசம் அவன் இடுப்பில் தடவியிருந்த தைலத்தினுடையது. அவன் 'போதும்' என்று சொன்ன பிறகும் அவள் வெகுநேரம் இலைக்குள் முகத்தைப் புதைத்து முகர்ந்துகொண்டிருந்தாள். பிறகு அவளாகவே எழுந்தாள், அவளாகவே சூட்டில் போட்டாள்.

அந்தத் தேயிலைதான் அந்த வருடம், சிறந்த தேயிலைக்கு வட்டாரமே நடத்தும் தேயிலை ராஜா போட்டியில், தெஷூன் பேரில் ஜெயித்தது.

3.

எனக்குத் தெஷூன்மீது சந்தேகமாக இருக்கிறது. அவன் கெட்டவன் என்றில்லை. போதுமான அளவு கெட்டவனாக இல்லையே என்றுதான். பெண்டாட்டி செய்ததைத் தன் பேரில் போட்டுக்கொண்ட திருடனாக அவனை எழுதியிருந்தால் என் வேலை எப்போதோ முடிந்திருக்கும். நாலு தடவை எழுதிப் பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் பாதிப் பக்கத்தில் எழுந்துபோய் அவளுக்கு நூடுல்ஸ் செய்துகொடுத்துவிடுகிறான், மேலே ஒரு முட்டையும் வைத்து. என்ன செய்வது அவனை?

பிரச்சினை என்னவென்றால், அந்தத் தேயிலையைத் தானே செய்ததாக அவன் மனதார நம்புகிறான். இவன் சொன்னான், அவள் செய்தாள். உருளை ஓடியதைக் காதால் கேட்டிருக்கிறான். இதற்கு மேல் என்ன வேண்டும்?

ஜெயித்தவரை இங்கே பல்லக்கில் ஏற்றி மேளதாளத்தோடு ஊர்வலம் விடுவார்கள். இடுப்பில் பட்டை கட்டிக்கொண்டு, மார்பில் சிவப்புத் துணிப்பூவோடு, தெஷூன் ஆடி ஆடிப் போனான். சிங்லான் கூட்டத்தோடு கூட்டமாக நடந்தாள். அவனுடைய அண்ணன் மனைவி பாவ்ஜூ கூடவே நடந்தாள். அன்று சூட்டில் போட்டெடுத்த இலையைத் துணியில் கட்டி உருட்ட ஒத்தாசைக்கு வந்தவள் அவள். வெளியாளில் விஷயம் தெரிந்தவள் அவள் ஒருத்திதான்.

"நல்லா இருக்குடி கூத்து," என்றாள் பாவ்ஜூ. "வேலை செஞ்சது உன் மூக்கு. பல்லக்குல போறது அவன் இடுப்பு."

"சும்மா வாங்கக்கா. கேட்டுடப் போறாரு."

"கேக்கட்டுமே! காலி உருளைன்னு நீ இன்னுமா சொல்லலை?"

சொல்லியிருந்தாள், ஒரே ஒரு தடவை. சோறு போடும்போது, "அந்த உருளை காலியாத்தான் ஓடுச்சு. நீங்க சொன்ன எதையும் நான் செய்யலை," என்றாள். தெஷூன் புரையேறும்வரை சிரித்தான். "உனக்கும் ஜோக்கு வருது லான்," என்று அவள் தோளில் தட்டினான்.

அவள் அவனுக்கு இன்னொரு கரண்டி சோறு வைத்தாள். எழுதுகிற எனக்கே பற்றிக்கொண்டு வருகிறது.

4.

இந்த இடத்தில் மலர் ஆசிரியர் போன் செய்தார்.

"சார், கட்டுரை எந்த மட்டுல இருக்கு?"

"பல்லக்கு வரைக்கும் வந்திருக்கு."

"பல்லக்கா? வேலைவாய்ப்பு, அந்நியச் செலாவணி, இதெல்லாம் எங்க சார்?"

"அடுத்த பகுதியில வருது," என்று சொல்லிவைத்தேன். எனவே:

ஆன்சி வட்டாரத்தில் பெரும்பாலான குடும்பங்களின் வாழ்வாதாரம் தேயிலையே. தரமான தேயிலை ஒரு மூலதனம். அதைச் சேமித்து, உரிய வேளையில்

உரிய வேளையாவது, மண்ணாங்கட்டியாவது. ராஜா பட்டம் வாங்கிய தேயிலையை அந்த வீடு என்ன செய்தது தெரியுமா? ஊருக்கு ஊற்றிக் கொடுத்தது.

ஜெயித்த சேதி பரவியதும் சொந்தம், பந்தம், சம்பந்தி, சம்பந்திக்குச் சம்பந்தி என்று வர ஆரம்பித்தார்கள். வந்தவருக்கு ராஜா தேயிலையைத்தான் போட வேண்டும், வேறு போட்டால் ஊர் சிரிக்கும். இதோடு போனாலும் பரவாயில்லை. குடித்துக்கொண்டிருக்கும்போது புதிதாக ஓர் ஆள் படியேறினால், டீ ஊறவைக்கும் கிண்ணத்தில் இன்னும் பல சுற்றுக்குத் தாங்கும் இலையைக் கொட்டிவிட்டுப் புதுசு போட வேண்டும். பழைய இலையிலேயே தண்ணீர் விட்டால் 'நீ எதுக்கு வந்தே' என்று கேட்டதற்குச் சமம். இந்த ஊர்க்காரர்களோ சேர்ந்து வரமாட்டார்கள். ஒருவர் பின் ஒருவராக, முந்தினவருக்கு இரண்டாவது சுற்று ஊற்றும் நேரம் பார்த்துத்தான் வருவார்கள். பாதிச் சாரம்கூட இறங்காத இலை வாளி வாளியாகப் போனது. கணக்குத் தெரிந்த எவனும் இதைப் பார்த்தால் அழுதுவிடுவான். நான் ஏறக்குறைய அழுதேன்.

இன்னொன்று. அந்த வீட்டு மேசையில் எத்தனை பேர் உட்கார்ந்தாலும் மூன்றே கோப்பைகள்தான். அதுதான் வழக்கம். 'நீங்க குடிங்க, நீங்க குடிங்க' என்று தள்ளிவிட்டு, சுற்று மாற்றிக் குடிப்பார்கள். வீட்டுக்காரர்களின் முறை கடைசியில் வரும். சிங்லான் வெந்நீர் வைத்தாள், இலை கொட்டினாள், கோப்பை அலம்பினாள். அவள் முறை வருவதற்குள் யாராவது படியேறிவிடுவார்கள். அவள் செய்த தேயிலை ராஜாவானபின், அதில் ஒரு வாய்கூட அவள் குடிக்கவில்லை.

கடைசியில், வாசம் போகாமலிருக்கத் தேயிலையை வைக்கும் ஃப்ரீசரில், மீன் உருண்டைகளுக்குப் பக்கத்தில், ஒரே ஒரு சிறு பொட்டலம் மிஞ்சியது. ஒரு கிண்ணத்துக்கு மட்டும் காணும்.

5.

அப்போதுதான் வெய் முதலாளி வந்தார். அடிவாரத்தில் பெரிய தேயிலை ஆலை வைத்திருப்பவர். முன்கூட்டியே சொல்லியனுப்பியிருந்தார்: வசந்த காலப் பருவம் முழுவதும் தன் ஆலையில் நின்று தேயிலை செய்ய, தலைமைக் கைவினைஞராகத் தெஷூன் வர வேண்டும். பாக்கெட்டின் மேல் அவன் படத்தையும் பேரையும் போடுவார்கள்.

முந்தின நாளே சிங்லான் கேட்டாள். "போய் என்ன பண்ணுவீங்க?"

"என்ன பண்ணுவேனா? இந்த டீயைச் செஞ்சவன் அந்த டீயைச் செய்யமாட்டானா?"

அவளுக்கு இரண்டு பயம். போனால் அவன் ஊர் முன்னால் அவமானப்படுவான். அதைவிடப் பெரிய பயத்தை அவள் தனக்குள்கூட உரக்கச் சொல்லிக்கொள்ளவில்லை: அவன் படம் அந்தப் பாக்கெட்டில் ஏறிவிட்டால், அவள் ஆயுசில் செய்த ஆகச்சிறந்த காரியம் அவளுடையது என்று இனி ஒரு மனிதரும் நம்பப் போவதில்லை.

இதற்கு நான் எழுதிக் கிழித்த முடிவுகள் இவை. ஒன்றில் தெஷூன் வசந்தத்தில் போய் இலையைக் கெடுத்துத் தலைகுனிந்து திரும்பினான். எனக்கு ரொம்பத் திருப்தியாக இருந்தது, அதனாலேயே சந்தேகம் வந்தது. இடுப்பு பிடித்த குற்றத்துக்கா இவ்வளவு தண்டனை? இன்னொன்றில் சிங்லான் எழுந்து பெண்கள் உரிமை பற்றிப் பேசினாள், எல்லோரும் கைதட்டினார்கள், வெய் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஆசிரியருக்கு இது பிடித்திருக்கும். ஆனால் அப்படி நாலு வாக்கியம் சேர்ந்தாற்போல் பேசும் பெண் முன்பே பேசியிருக்க மாட்டாளா? மூன்றாவதில் அந்தக் கடைசிப் பொட்டலத்தைப் பாவ்ஜூ திருடிக் குடித்துவிட்டாள். பாவ்ஜூவைத் தெரிந்தவர்கள் அவள் சார்பில் ஆட்சேபிப்பார்கள் என்பதால் அதையும் விட்டேன்.

நானாகச் செய்வதை நிறுத்திவிட்டேன். அந்த மேசையில் நடப்பதை மட்டும் சொல்கிறேன்.

6.

வெய், தெஷூன், பாவ்ஜூ, சிங்லான். நாலு பேர், மூன்று கோப்பை.

தெஷூன் பொட்டலத்தைப் பிரித்து இலையைக் கிண்ணத்தில் கொட்டினான். முதல் வெந்நீரை விட்டுக் கழுவி ஊற்றினான், மறுபடி வெந்நீர் விட்டு மூடினான். இனி ஒரு மூச்சு இழுத்து விடும் நேரத்தில் ஊற்றிவிட வேண்டும். ஆனால் வெய் அந்த நேரம் பார்த்து, "அன்னைக்கு இலையை எப்போ சூட்டுல போட்டீங்க? அந்த ரகசியத்தைச் சொல்லுங்களேன்," என்று கேட்டுவிட்டார்.

"அதுவா?" தெஷூன் மூடியின்மேல் விரலை வைத்தபடியே நிமிர்ந்தான். "நான் கட்டில்ல படுத்திருக்கேன். இடுப்பு போச்சு. ஆனா காது இருக்கே, மூக்கு இருக்கே..."

"என்னங்க, ஊத்துங்க," என்றாள் சிங்லான்.

"இரு லான். உருளைச் சத்தம் கேக்குது முதலாளி. அதை வெச்சே நான் கண்டுபிடிச்சேன், இலை இன்னும்..."

"ஊத்துங்க. ஊறுது."

"பேசிட்டிருக்கேன்ல! அப்போ நான் சொன்னேன், போதும்..."

மூடிய கிண்ணத்துக்குள் அவள் தேயிலை வெந்துகொண்டிருந்தது. உலகத்தில் மிச்சமிருந்த அத்தனையும். கைத்துப்போக இன்னும் கொஞ்ச நேரம்தான்.

சிங்லான் கையை நீட்டி அவன் விரல்களுக்கு அடியிலிருந்து கிண்ணத்தை எடுத்தாள். விருந்தாளி முன்னால், வீட்டுக்காரன் கையிலிருந்து, நடுவில். பாவ்ஜூவே "ஏய்!" என்றாள். சிங்லான் மூன்று கோப்பையிலும் சுற்றிச் சுற்றி ஒரே அளவாக ஊற்றினாள். ஒன்றை வெய் முன்னால் வைத்தாள், ஒன்றைப் பாவ்ஜூ முன்னால். மூன்றாவதை எடுத்துத் தானே குடித்தாள்.

ஊற்றுகிற கை முதல் சுற்றில் குடிப்பதில்லை. இந்த ஊரில் அதை யாரும் சொல்லிக்கொடுக்க மாட்டார்கள். யாரும் அதை மீறுவதுமில்லை. சிங்லான் மிடறு மிடறாக, அவசரமில்லாமல், கோப்பை காலியாகும்வரை குடித்தாள். நன்றாக இருந்தது. அவள் நினைத்திருந்ததைவிட நன்றாக இருந்தது. கண் கலங்கியது.

"அவர் போதும்னு சொன்னப்போ நான் போடலை," என்று வெய்யிடம் சொன்னாள். "உருளை காலியா ஓடுச்சு. சும்மா சத்தத்துக்கு. இது என் டீ."

வெய் தன் கோப்பையை எடுத்துக் குடித்தார். தெஷூனை ஒரு பார்வை பார்த்தார். பிறகு, ஊற்றியவருக்கு நன்றி சொல்லும் விதமாக, இரண்டு விரலை மடக்கிச் சிங்லானுக்கு நேராக மேசையில் தட்டினார்.

தெஷூன் முன்னால் கோப்பை இல்லை. இந்தத் தடவை அவன் சிரிக்கவில்லை. காலி உருளை என்று அவள் முன்பு சொன்ன அந்தச் சாப்பாட்டு வேளை அவனுக்கு ஞாபகம் வந்ததை முகமே காட்டியது. அவன் வாயைத் திறந்தான்.

அவன் சொன்னதை நான் எழுதப் போவதில்லை. எத்தனையோ தடவை எழுதினேன், எல்லாமே என் கோபமாகத்தான் இருக்கிறது, அவன் பேச்சாக இல்லை. கீழே ஒரு வரி விட்டிருக்கிறேன். நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். எழுதுமுன் இரண்டு விஷயம் மனதில் இருக்கட்டும்: அவன் அவளுக்கு முட்டை வைத்த நூடுல்ஸ் செய்துகொடுக்கிறவன். கிண்ணத்தில் இன்னும் ஒரு சுற்றுக்கு இலை இருக்கிறது, வெந்நீரும் கொதிக்கிறது.

தெஷூன்: "                                        "

(ஆசிரியருக்கு: பொருளாதார முக்கியத்துவத்தை எங்கும் சேர்க்க முடியவில்லை. மன்னிக்கவும். வேறு ஆளைப் பாருங்கள்.)