இரண்டு தட்டு

ஹெஸ்டர் கணவன் ஆர்வில்லின் நெற்றித் துணியைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தபோது வாசலில் கார் வந்து நின்றது.

அவனுடைய பழைய கூட்டாளி வெண்டெல்லைக் கூட்டிவர ஸ்டுடியோவுக்கு ஆள் அனுப்பியது அவள்தான். ஆர்வில்லிடம் சொல்லவில்லை; சொன்னால் வேண்டாம் என்பான். நுரையீரல் முழுக்கச் சளி, இன்றைய பொழுது தாண்டாது என்று டாக்டர் காலையிலேயே சொல்லிவிட்டார். சாவுக்கு அவள் பயப்படவில்லை. மனசில் இந்த முள்ளோடு ஆண்டவர் முன்னால் போய் நிற்பானோ என்றுதான் பயம்.

ஆர்வில்லும் வெண்டெல்லும் ஊமைச் சிரிப்புப் படங்களில் ஜோடியாக உதைபட்டு விழுந்தவர்கள். விழப்போகிறவன் விரலால் இரண்டு தட்டுத் தட்டுவான். 'நான் தயார், அடி' என்று அர்த்தம். அதற்கு முன்னால் அடிக்கக் கூடாது. ஏணிக் காட்சியில் வெண்டெல் அவசரப்பட்டு உதைத்துவிட்டான். ஆர்வில்லின் முதுகு முறிந்து, அன்றிலிருந்து படுக்கைதான். பார்க்க வந்த வெண்டெல்லை ஒருநாளும் அவன் உள்ளே விடவில்லை.

வெண்டெல் அறை வாசலில் தொப்பியைக் கையில் பிடித்தபடி நின்றான். படப்பிடிப்பில் முகத்தில் எறி வாங்கிய கேக்கின் கிரீம் காதுக்குப் பின்னால் ஒட்டியிருந்தது.

"அப்படியே ஓடி வந்துட்டேன் ஹெஸ்டர். திட்டுவானா?"

"திட்டினா வாங்கிக்கோங்க."

கட்டிலருகே போய்க் குனிந்தான். பழைய கேலிப் பேச்சு கைகொடுத்தது. "டேய், இனிமே எல்லாம் பேசுற படமாம். உன் குரலுக்குக் கதவா நடிக்கலாம்டா. எண்ணெய் போடாத கதவா."

ஆர்வில் கண்ணைத் திறந்தான். வெகுநேரம் பார்த்தான். எங்கே சுவர்ப்பக்கம் திரும்பிவிடுவானோ என்று ஹெஸ்டர் கைகளைக் கோத்துக்கொண்டாள்.

போர்வைமேல் கிடந்த விரல் அசைந்தது. ஒரு தட்டு.

வெண்டெல் அசையவில்லை.

இன்னொரு தட்டு.

வெண்டெல் கால்மாட்டில் இருந்த சின்னத் தலையணையை எடுத்து, அவன் தோளில் பூப்போல ஓர் அடி வைத்தான்.

"இப்பதான்டா..." ஆர்வில்லுக்கு மூச்சு இழுத்தது. "சரியான நேரத்துக்கு அடிச்சே."

வாயோரத்தில் எழுந்த சிரிப்பு அப்படியே நின்றது. வெயில் கட்டிலைவிட்டு இறங்குவதற்குள் மூச்சு அடங்கிவிட்டது.

ஹெஸ்டர் அவன் கண்களை மூடினாள். நெற்றித் துணியை எடுத்தாள். தோளிலிருந்து ஏதோ இறங்கியதுபோல நிமிர்ந்தாள். வெண்டெல் இன்னும் தலையணையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

"கொஞ்சம் குனிங்க," என்றாள்.

துணியை மறுபக்கம் திருப்பி, அவன் காதுக்குப் பின்னால் காய்ந்திருந்த கிரீமைத் துடைத்துவிட்டாள்.