ஜன்னலோரத்தாருக்கு ஒரு டிக்கெட்

கண்டக்டருக்குத் தன் கண்மேல் அசாத்திய நம்பிக்கை. தினமும் வருகிறவர்கள் வாயைத் திறப்பதற்குள் டிக்கெட்டைக் கிழித்து நீட்டிவிடுவார். அவர்களுக்குத் தானே பெயரும் வைத்திருந்தார். சாயங்காலம் மரக்கடை நிறுத்தத்தில் ஏறி மூன்றாவது வரிசையில் உட்காருகிறவர் ‘ஜன்னலோரத்தார்’. மரக்கடையில் அறுவை மெஷின் ஓட்டுகிறவர். வாயில்லாப் பூச்சி.

அந்த வாயில்லாப் பூச்சிதான் மரக்கடை முதலாளியைக் கொன்றுவிட்டதாக வழக்கு. முதல் நாள் இருவருக்கும் வாய்ச்சண்டை. கொலை நடந்த அன்று, காய்ச்சல் என்று மதியமே குறுக்குப் பாதையில் நடந்து வீடு போய்விட்டதாக அவர் சொன்னார். வழியில் பார்த்தவர் யாருமில்லை. பிற்பகலில் நடந்த கொலையைப் பார்த்தவரும் யாருமில்லை. அன்று சாயங்காலம் அவர் மரக்கடை வாசலில் பஸ் ஏறினார் என்று சொல்ல, கண்டக்டர் ஒருவர்தான் இருந்தார்.

கூண்டில் ஏறி அடித்துச் சொன்னார். “தினம் பாக்குற முகம் சார். டிக்கெட் குடுத்தேன், தலைய ஆட்டினாரு. எனக்குத் தெரியாதா?” ஜன்னலோரத்தாருக்காக வாதாடிய வக்கீலம்மா குடைந்து குடைந்து கேட்டும் மனிதர் அசையவில்லை. பொய் சொன்னால்தானே அசைவதற்கு!

ஆனால் அன்றிலிருந்து தூக்கம் போயிற்று. எதிரே நின்ற ஜன்னலோரத்தார் திட்டவில்லை, முறைக்கவில்லை. ‘நானா?’ என்பதுபோல் பார்த்துக்கொண்டே இருந்தார். சாப்பிட உட்கார்ந்தால் அந்தப் பார்வையும் கூடவே வந்து உட்கார்ந்தது.

“உண்மையத்தானே சொன்னீங்க? அப்புறம் ஏன் பேயறைஞ்ச மாதிரி இருக்கீங்க?” என்று மனைவி கேட்டாள்.

தீர்ப்புக்கு முந்தைய நாள். மரக்கடை நிறுத்தத்தில் நல்ல கூட்டம். விசில் கொடுத்து, கிழித்து, சில்லறை தந்து, கண்டக்டர் மூன்றாவது வரிசைக்கு வந்தார். ஜன்னலோரத்தார் தலையை ஆட்டினார். இவர் டிக்கெட்டை நீட்டினார்.

“நான் அப்பவே வாங்கிட்டேனேண்ணே!” என்றாள் குழந்தையோடு உட்கார்ந்திருந்த ஒரு பெண்.

நீட்டிய கை அப்படியே நின்றது. கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு டிரைவரிடம் போனார். “ஜன்னலோரத்தார் எங்கப்பா இறங்கினாரு?”

“என்னண்ணே, வெயில் தலைக்கேறிடுச்சா? அவரு ஜெயில்ல இருக்காரு. நீங்கதானே சாட்சி!”

“இல்லப்பா, இப்ப ஏறினாரு. பாத்தேன்.”

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவருக்கே உறைத்தது. கொலை நடந்த அன்று அந்த மனிதர் என்ன சட்டை போட்டிருந்தார்? கையில் பை இருந்ததா? நின்றாரா, உட்கார்ந்தாரா? எவ்வளவு துழாவியும் எல்லா நாளும் பார்த்த முகம்தான் வந்தது. அன்றைய முகம் வரவேயில்லை. இனி மாற்றிச் சொன்னால் பொய்ச்சாட்சி என்று தன்னையே உள்ளே தள்ளலாம். வேலையும் போகலாம். பயமாகத்தான் இருந்தது.

பஸ்ஸை டெப்போவில் விட்டதும் நேரே வக்கீலம்மா வீட்டுக்குப் போனார். கதவைத் திறந்தவர் முகம் சுளித்தார். “நீங்களா? இன்னும் என்ன பாக்கி?”

“மேடம், இன்னைக்கு சாயங்காலம் அவரு என் பஸ்ல ஏறினாரு. தலைய ஆட்டினாரு. என் கண்ணால பாத்தேன்.”

“அவரு ஜெயில்ல இருக்காருங்க.”

“தெரியும் மேடம். இதையும் கூண்டுல ஏறிச் சொல்றேன். அன்னைக்கும் நான் இப்படித்தான் பாத்தேன்.”