வாரு இறுகிய கால்

தணிகைவேலின் வலது கணுக்காலுக்கு மேலே கட்டைவிரலை வைத்துச் சாவித்திரி அழுத்திப் பார்த்தாள். விரலை எடுத்த பிறகும் அந்த இடம் குழியாகவே நின்றது, பிசைந்து வைத்த மாவில் விழுந்த பள்ளம் போல. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு எழுந்துவிட்டாள்.

"வலிக்குதா?"

"வலி இல்ல. கனமா கீது. ஈரச் சாக்கைக் கால்ல கட்டி இழுத்துக்கினு நடக்கிற மாதிரி" என்றான் அவள் புருஷன்.

ஆம்பூரில் பாலாற்றை ஒட்டிய, தோல் பதனிடும் ஒரு டேனரியில் அவனுக்கு வேலை. சுண்ணாம்புக் குழியில் ஊறி உப்பிய தோலை எடுத்துப் போட்டு, உட்புறம் ஒட்டியிருக்கும் சதையையும் கொழுப்பையும் வளைந்த கத்தியால் வழித்தெடுக்க வேண்டும். காலையில் ஈரத் தரையில் போய் நின்றால் சாயங்காலம் வரை நின்றபடிதான். மீசை முளைத்த நாளிலிருந்து அதுதான் அவன் பிழைப்பு.

சாவித்திரி குடியாத்தத்தில் லுங்கி நெய்கிற வீட்டுப் பெண். பிறந்த வீட்டில் அவள் அறிந்த நாற்றமெல்லாம் புளித்த கஞ்சியும் சாயமும்தான். கல்யாணமாகி ஆம்பூர் வந்த புதிதில் சோற்றுத் தட்டை முகத்தருகே கொண்டுபோனாலே ஓங்கரிக்கும். பிறகு பழகிக்கொண்டாள். டேனரி நாற்றம் வெளியிலிருந்து வருவது. குளித்தால், துணியை அலசினால் பாதியாவது போகும். இந்தக் கால் அப்படியில்லை. அது வீட்டுக்குள்ளேயே பாயில் படுத்திருந்தது.

முதலில் சாயங்காலம் வீங்கி, படுத்து எழுந்தால் வடிந்துவிடும். போகப்போக வடிவது நின்றுபோனது. முழங்காலுக்குக் கீழே தோல் பளபளத்து, இழுபட்டு, பழுப்பேறியது. கெண்டைக்காலில் நரம்புகள் மண்புழுக்கள் போலச் சுருண்டு புடைத்தன. அரிப்பெடுத்து ஒருநாள் சொறிந்தான். சொறிந்த இடம் ஆறவில்லை. அதிலிருந்து சீழ்கூட வரவில்லை; மெல்லிய மஞ்சள் நீர் சொட்டுச் சொட்டாகக் கசிந்துகொண்டே இருந்தது. சுற்றிய துணி நனைந்து, பாய் நனைந்து, விடிந்து பார்த்தால் பாயின் ஓரத்தில் எறும்பு வரிசை. அந்தத் துணியைச் சாவித்திரி கையால் தொடமாட்டாள். குச்சியால் தூக்கி வெந்நீரில் போட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு கிளறுவாள்.

பக்கத்து வீட்டுப் பூங்காவனம் குழாயடியில் வைத்தே சொல்லிவிட்டாள்: "யானைக்கால்தான் அது. எங்க சின்ன மாமனாருக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுது. நீ ஒண்ணும் தப்பா நினைச்சுக்காத சாவித்திரி, நாங்கள்ளாம் புடிச்ச பெறவு நீ தண்ணி புடிச்சுக்கோ."

சாவித்திரி குடத்தைப் பின்னால் தள்ளி வைத்தாள். கோபம் வந்தது. ஆனால் பூங்காவனம் மூக்கைச் சுளித்த விதம் தன்னுடையதைப் போலவே இருந்ததையும் அவள் பார்த்தாள்.

"வேலூர் ஆஸ்பத்திரிக்குப் போலாங்க" என்று அவள் சொன்னதைத் தணிகைவேல் கேட்கவில்லை.

"போனா காலை எடுத்துடுவானுங்க. ஒத்தைக்கால்ல நின்னு எவன் தோல் வழிக்கிறது?"

அந்த ஐப்பசியில் தங்கைக்குப் பிரசவம் என்று குடியாத்தத்திலிருந்து ஆள் வந்தது. சாவித்திரி உடனே கிளம்பினாள். பஸ் நகர்ந்ததும் ஜன்னல் காற்றை நெஞ்சு நிறைய இழுத்தாள். பிறந்த வீட்டில் தறிச் சத்தத்துக்கு நடுவே நன்றாகத் தூங்கினாள், நன்றாகச் சாப்பிட்டாள். இரண்டு நாளில் வருகிறேன் என்று போனவள் வாரம் கழித்துத்தான் திரும்பினாள்.

கதவைத் திறந்ததும் அடித்த நாற்றத்தில் வாசலிலேயே நின்றுவிட்டாள். புண்ணின் நாற்றம் அவளுக்குத் தெரியும். இது அதோடு வேறொன்றும் கலந்தது, அழுகலும் சுண்ணாம்பும்.

தணிகைவேல் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். முகம் வெளுத்திருந்தது. காலைப் போர்வையால் மூடியிருந்தான்.

"போர்வையை எடுங்க."

"வேணாம். நீ போய் இன்னா சமையல்னு பாரு."

அவளே இழுத்தாள். பாதம் பாதமாக இல்லை. விரல்களுக்கு நடுவே இடைவெளியே தெரியாமல், கத்திரிக்காய் நிறத்தில், வெடிக்கப்போவது போல் உப்பிக் கிடந்தது. புறங்காலில் பெரிய பெரிய நீர்க்கொப்புளங்கள். சில உடைந்து தோல் தொங்கியது. முழங்காலுக்குச் சற்றுக் கீழே சதை இரண்டாகப் பிதுங்கியிருந்தது. அந்தப் பிதுக்கத்துக்குள் ஏதோ ஒன்று புதைந்து கிடந்தது.

"இன்னாங்க இது?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். "தோல் வாரு. வீக்கம் மேல ஏறிக்கினே வந்துச்சு. தொடைக்கு வந்துட்டா அவ்ளோதான்னு பயமாப் போச்சு. பாம்பு கடிச்சா மேல கட்டுவாங்க இல்ல? அந்த மாதிரி கட்டுனேன்."

சுண்ணாம்புக் குழியிலிருந்து எடுத்த பச்சைத் தோலின் விளிம்பில் அறுத்த வார் அது. கட்டும்போது ஈரமாக, வழவழவென்று இருந்திருக்கிறது. காயக் காயச் சுருங்கி, கொம்பு போல இறுகி, சதைக்குள் இறங்கிவிட்டது. அவிழ்க்கப் பார்த்து முடியாமல், யாரிடமும் சொல்ல வெட்கப்பட்டு, மூன்று நாளாக வேலைக்கும் போகாமல் உட்கார்ந்திருந்தான்.

சாவித்திரி வார் இருந்த இடத்தில் விரலை விட்டுப் பார்த்தாள். நகம் கொழகொழவென்று எதிலோ இறங்கியது. பின்கட்டுக்கு ஓடி வாந்தியெடுத்தாள். வாயைக் கொப்பளித்துவிட்டு அங்கேயே கொஞ்சநேரம் நின்றாள். குடியாத்தம் பஸ் பிடிக்கலாம் என்றுகூட நினைத்தாள்.

பிறகு அடுப்பைப் பற்றவைத்துத் தண்ணீரைச் சுடவைத்தாள். மூக்கோடு சேர்த்து முந்தானையைக் கட்டிக்கொண்டு, பொறுக்கிற சூட்டில் துணியை நனைத்து வாரின்மேல் போட்டுப் போட்டு எடுத்தாள். வார் கொஞ்சம் இளகியது. பிறந்த வீட்டிலிருந்து கொண்டுவந்திருந்த நூல் வெட்டும் சின்னக் கத்தரிக்கோலின் முனையை அடியில் நுழைத்தாள். தணிகைவேல் போர்வையைப் பல்லில் கடித்தான். மூன்றாவது வெட்டில் வார் அறுந்து, கூடவே சதையின் பிசிறையும் ஒட்டிக்கொண்டு வந்தது. அறுத்தவுடன் வடிந்துவிடும் என்று எண்ணியிருந்தாள். வடியவில்லை. வார் இருந்த இடம் வாய்க்கால் போலச் சிவப்பாகத் தெரிந்தது.

"எழுந்திரிங்க. வேலூருக்குப் போறோம்."

இந்தத் தடவை அவன் மறுக்கவில்லை.

பஸ்ஸில் அவர்களுக்கு முன்சீட்டும் பின்சீட்டும் காலியாயின. ஒருவர் வாயைவிட்டே சொன்னார்: "செத்த மாட்டை ஏத்திட்டானா?" பள்ளிகொண்டா வரும்வரை சாவித்திரி ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாள். கண்டக்டர் தூரத்திலிருந்தே டிக்கெட்டை நீட்டினார்.

ஆஸ்பத்திரியில் அவர்களைப் பார்த்தது டாக்டர் முனவ்வர் பேகம். வாணியம்பாடிக்காரர். அவர் மூக்கைப் பொத்தவில்லை, ஆனால் ஜன்னலைத் திறக்கச் சொன்னார். நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார். புறங்காலில் விரல் வைத்து நாடித் துடிப்பைத் தேடினார். யானைக்கால் கிருமி ராத்திரியில்தான் ரத்தத்தில் தெரியும் என்று அந்த நேரத்தில் ரத்தம் எடுக்கச் சொன்னார். மறுநாள் சோதனை முடிவைப் பார்த்துவிட்டுச் சாவித்திரியைக் கூப்பிட்டார்.

"யானைக்கால் இல்லைம்மா. இதயமும் நல்லா இருக்கு. கால்ல இறங்குற ரத்தம் திரும்ப மேல ஏறணும் இல்லையா? ஏறுனது கீழ விழாம தடுக்கக் குழாய்க்குள்ள சின்னச் சின்னக் கதவு இருக்கு. நின்னு நின்னு வேலை செஞ்சு இவருக்கு அந்தக் கதவெல்லாம் கெட்டுப்போச்சு. ரத்தம் காலடியிலயே தேங்குது. தேங்கத் தேங்கக் குழாய்க்குள்ள அழுத்தம் ஜாஸ்தி ஆவுது. அந்த அழுத்தத்துல தண்ணி மட்டும் குழாயை விட்டுக் கசிஞ்சு சதைக்குள்ள நிக்குது. வீக்கம்னா அதுதான்."

"அப்போ அந்த வாரு?"

"உள்ள ரத்தம் கொண்டுவர்ற குழாய் ஆழத்துல இருக்கு, அடிச்சுத் தள்ளும். வாரு அதை நிறுத்தல. மேல திரும்பிப் போற குழாயைத்தான் நசுக்கிடுச்சு. வர்றது வந்துக்கிட்டே இருந்து, போறதுக்கு வழி இல்லைன்னா?"

சாவித்திரிக்கு அந்தக் கத்திரிக்காய் நிறப் பாதம் கண்முன் வந்தது. "ஊதும்" என்றாள்.

"இன்னும் கொஞ்சநாள் விட்டிருந்தா வெட்டித்தான் எடுத்திருக்கணும்" என்றார் டாக்டர்.

கட்டிலின் கால்மாட்டுக்குச் செங்கல் வைத்து உயர்த்தி, தணிகைவேலைப் படுக்க வைத்தார்கள். பாதம் நெஞ்சைவிட மேலே இருந்தது. ஒரு வாரத்தில் விரல்கள் தனித்தனியாகத் தெரிந்தன. தோல் சுருங்கித் தவிடு போல் உதிர்ந்தது. புண் கொஞ்சம் காய்ந்ததும் நர்ஸ் சாவித்திரிக்குக் கட்டுப்போடக் கற்றுக்கொடுத்தாள்: காலைத் தூக்கி வைத்து, விரல் அடியிலிருந்து தொடங்கி, கீழே இறுக்கமாகவும் மேலே போகப்போகத் தளர்வாகவும் முழங்காலுக்குக் கீழ்வரை சுற்றவேண்டும். தேங்கின நீரை அது மேலே தள்ளும். படுக்கையை விட்டு எழுவதற்கு முன்பே கட்டிவிட வேண்டும், தினமும், ஆயுசுக்கும்.

"ஆயுசுக்குமா?" என்று சாவித்திரி கேட்டாள்.

"கெட்டுப்போன கதவு திரும்ப முளைக்காதும்மா."

ஊருக்கு வந்ததும் அவள் டேனரி மேஸ்திரி நிசார் அஹமதுவைப் போய்ப் பார்த்தாள். "உக்காந்து செய்யற வேலை இங்க இன்னாம்மா கீது?" என்று அவர் முதலில் கையை விரித்தார். பிறகு அந்தக் காலை ஒருமுறை வந்து பார்த்தார். பார்த்தவர் சீக்கிரமே எழுந்து வெளியே போய்த் துப்பினார். மறுநாள், காய்ந்த தோலின் ஓரங்களைக் கத்தரிக்கிற இடத்தில் ஒரு ஸ்டூல் போட்டுக்கொடுத்தார். கூலி கம்மிதான்.

பூங்காவனத்திடம் சாவித்திரி விவரம் சொன்னாள். அவள் "அப்படியா" என்றாள். என்றாலும் குடத்தைச் சற்றுத் தள்ளியே வைத்துக்கொண்டாள்.

புண் மூட மாசி ஆயிற்று. மூடிய இடத்தில் தோல் கறுத்து, பீடித்தாள் போல மெலிந்து பளபளத்தது. தினமும் காலையில் சாவித்திரி பழைய கட்டைப் பிரிப்பாள். வியர்வையும் உதிர்ந்த தோலும் மருந்தும் சேர்ந்த நாற்றம் முகத்தில் அடிக்கும். முகத்தைத் திருப்பி ஒரு மூச்சு வாங்கிக்கொண்டு, பிறகு கழுவுவாள்.

ஒருநாள் தணிகைவேல் அதைப் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டுக் கேட்டான்: "உனக்கு இன்னும் அருவருப்பாத்தான் கீதா?"

பொய் சொல்லலாமா என்று சாவித்திரி ஒரு கணம் யோசித்தாள்.

"ஆமா" என்றாள். "உங்களுக்கு?"

"எனக்கும்தான்" என்றான் அவன்.

இருவருக்கும் சிரிப்பு வந்தது. அவன் காலைத் தூக்கித் தலையணைமேல் வைத்தான். அவள் துணியின் நுனியைக் கால்விரல்களின் அடியில் பிடித்துக்கொண்டு சுற்றத் தொடங்கினாள்.